மதகுக்கு அடியில் குனிந்து பார்: யாழ்ப்பாணம் முதல் ஷோபியான் வரை

சாலிகிராமத்தில் ஆற்காடு சாலையை ஒட்டி பரமேஸ்வரன் விஹார் என்றொரு ராணுவக் குடியிருப்பு இருக்கிறது. வடபழனிக்கும் போரூருக்கும் நடுவே பஸ்ஸில் போகிறவர்கள் தினமும் அந்தப் பெயரைக் கடக்கிறார்கள். அது மேஜர் ராமசாமி பரமேஸ்வரனின் பெயர். பரங்கிமலை அதிகாரிகள் பயிற்சிப் பள்ளியில் படித்து 1972-ல் மஹார் ரெஜிமென்ட்டில் சேர்ந்தவர். 1987 நவம்பர் 25 அன்று யாழ்ப்பாணம் கந்தரோடையில் இறந்தார். இலங்கைக்குப் போன இந்திய அமைதிப்படைக்குக் கிடைத்த ஒரே பரம்வீர் சக்ரா, போர்க்கள வீரத்துக்கான நாட்டின் மிக உயர்ந்த விருது, அவருடையது.

அவர் எப்படி இறந்தார் என்பதை விருதுக் குறிப்பு சுருக்கமாகச் சொல்கிறது. தேடுதல் முடித்து இரவில் அணி திரும்பிக்கொண்டிருந்தது. வழியில் விடுதலைப் புலிகள் பதுங்கித் தாக்கினார்கள். அவர் தன் ஆட்களோடு சுற்றிப் போய்ப் பின்பக்கமிருந்து பாய்ந்தார். கைகலப்பில் ஒருவன் அவர் மார்பில் சுட்டான். அவன் துப்பாக்கியைப் பிடுங்கி அவனையே சுட்டுவிட்டு, நினைவு தப்பும்வரை உத்தரவு கொடுத்துக்கொண்டே இருந்தார். ஐந்து பேர் கொல்லப்பட்டார்கள். மூன்று துப்பாக்கிகளும் இரண்டு ராக்கெட் லாஞ்சர்களும் கைப்பற்றப்பட்டன.

இதில் வீரம் எல்லோர் கண்ணிலும் படும். படைத்தொழில் தெரிந்தவர் கண் முதலில் நிற்பது 'திரும்பிக்கொண்டிருந்தது' என்ற சொல்லில். கலகப் போரில் போகும் வழியைவிடத் திரும்பும் வழியில்தான் ஆபத்து அதிகம். நீங்கள் எங்கே போனீர்கள் என்று எதிரிக்கு அதற்குள் தெரிந்திருக்கும். முகாம் எந்தப் பக்கம் என்பதும் தெரியும். நடுவே உள்ள பாதைகளை எண்ண ஒரு கை விரல்கள் போதும். ஆட்கள் களைத்திருப்பார்கள். சோறு நினைப்பு வந்திருக்கும்.

அமைதிப்படை என்ற பேச்சு எடுத்தால் சென்னையில் இரண்டாவது நிமிடமே அரசியலுக்குப் போய்விடும். போனது சரியா, தவறா, யார் யாருக்குத் துரோகம் செய்தார்கள். அந்த விவாதம் வேண்டாம் என்று சொல்லவில்லை. நம் ஊரில் அது வராமல் இருக்கவும் முடியாது. ஆனால் அந்தச் சத்தத்தில் ஒரு கேள்வி அமுங்கிப்போகிறது. அத்தனை பெரிய படை ஏன் அப்படிச் செத்தது, ஏன் அப்படிக் கொன்றது? பதிலில் பெரும்பகுதி மிகச் சாதாரண விஷயங்களில் இருக்கிறது. வரைபடம், வயர்லெஸ், சாலை, மதகு, ஒரு வீட்டைச் சுற்றி நிற்கும் விதம். அந்தச் சாதாரண விஷயங்களைப் பற்றித்தான் இந்தப் பதிவு.

முதலில் பல்கலைக்கழக மைதானம்.

1987 ஜூலை 29-ல் கொழும்பில் இந்திய–இலங்கை ஒப்பந்தம் கையெழுத்தானது. மறுநாளிலிருந்தே 54-வது காலாட்படை டிவிஷன் யாழ்ப்பாணத்துப் பலாலி விமானத் தளத்தில் வந்து இறங்கத் தொடங்கியது. மேஜர் ஜெனரல் ஹர்கிரத் சிங் தலைமை. அவருக்கு மேலே, தென் கட்டளைத் தளபதி லெப்டினன்ட் ஜெனரல் தீபிந்தர் சிங் சென்னையில் உட்கார்ந்து மொத்தப் படையையும் நடத்தினார். வந்தவர்கள் சண்டைக்கு என்று வரவில்லை. போராளிக் குழுக்களின் ஆயுதங்களை வாங்கி வைத்துக்கொள்ளும் வேலை என்று சொல்லித்தான் அனுப்பினார்கள். பட்டாலியன்கள் அமைதிக்கால ஆள்பலத்தோடு வந்தன. கையில் இருந்த வரைபடங்கள் பழையவை. செப்டம்பர் 26-ல் புலிகளின் திலீபன் உண்ணாவிரதத்தில் இறந்தார். அக்டோபர் 5-ல் புலித் தளபதிகள் குமரப்பா, புலேந்திரன் உள்ளிட்ட 12 பேர் பலாலியில் இலங்கை ராணுவத்தின் காவலில் சயனைடு கடித்து இறந்தார்கள். ஒரே வாரத்தில் போர் வந்துவிட்டது. இந்தியப் படை அதற்கு வைத்த பெயர் ஆபரேஷன் பவன்.

அக்டோபர் 11 இரவு. புலிகளின் தலைமை யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது என்று உளவுத் தகவல். பலாலியிலிருந்து எம்.ஐ.-8 ஹெலிகாப்டர்களில் 10-வது பாரா கமாண்டோ ஆட்கள் நூறு பேருக்குச் சற்று மேல் வளாகக் கால்பந்து மைதானத்தில் இறங்கித் தலைமையைப் பிடிக்க வேண்டும். 13-வது சீக்கிய லைட் இன்ஃபன்ட்ரி வந்து மைதானத்தைப் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும். திட்டம் இவ்வளவுதான்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். முழு மூட்டையோடு ஒரு எம்.ஐ.-8 சுமக்கக்கூடியது ஏறத்தாழ இருபது பேர். இருநூறு பேரை இறக்கப் பத்து நடை வேண்டும். மைதானம் சின்னது, பல ஹெலிகாப்டர்கள் ஒரே சமயத்தில் இறங்க இடமில்லை. ஆகவே ஒரே இடத்துக்கு, ஒரே பாதையில், இருட்டில், திரும்பத் திரும்ப வர வேண்டும். முதல் நடையின் இரைச்சலோடு ரகசியம் தீர்ந்துபோகும். மிச்ச நடைகள் எல்லாம் எதிரி காத்திருக்கும் இடத்துக்கே போவதாகும். இறங்கும் இடம் ஒன்றே ஒன்று, மாற்று இடம் கிடையாது என்றபோதே அந்தத் திட்டத்தைக் கிழித்துப் போட்டிருக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

ரகசியம் அதற்கு முன்பே போய்விட்டது என்பதுதான் இன்னும் கொடுமை. இந்திய வயர்லெஸ் பேச்சைப் புலிகள் ஒட்டுக் கேட்டிருந்தார்கள். கேட்டுப் புரிந்துகொள்வதில் அவர்களுக்குச் சிரமமும் இல்லை. டேராடூன் பக்கமும் சேலம் கொளத்தூரிலும் இந்திய மண்ணில் பயிற்சி எடுத்தவர்கள் அவர்கள். இந்தியப் படை எப்படி யோசிக்கும், எப்படி உத்தரவு கொடுக்கும் என்பது அத்துப்படி. மைதானத்தைக் குறிபார்த்து மெஷின் கன்கள் காத்திருந்தன.

கமாண்டோக்கள் இறங்கித் தங்கள் இலக்கைத் தேடி நகர்ந்தார்கள். சீக்கிய லைட் இன்ஃபன்ட்ரியில் மேஜர் பிரேந்திர சிங் தலைமையில் 30 பேர் மட்டும் வந்து இறங்கினார்கள். அந்த பட்டாலியனே அன்றுதான் பலாலிக்கு வந்திருந்தது. ஹெலிகாப்டர்கள் குண்டுபட்டுச் சேதமாகி, அடுத்த நடைகள் நிறுத்தப்பட்டன. அணியின் வயர்லெஸ் ஆபரேட்டர் ஆரம்பத்திலேயே விழுந்தார். அதோடு அந்த 30 பேருக்கும் வெளியுலகத் தொடர்பு அறுந்தது. இன்னொரு செட் இருந்திருந்தால், 'மீதிப் பேர் வரமாட்டார்கள், கமாண்டோக்களோடு சேர்ந்துகொள்ளுங்கள்' என்ற ஒரு வரியாவது போய்ச் சேர்ந்திருக்கும். விடிந்த பிறகும் மைதானத்து ஓரத்திலேயே நின்று சண்டை போட்டார்கள். தோட்டா தீர்ந்தபின் மிஞ்சிய சிலர் பயனெட்டைப் பொருத்திக்கொண்டு ஓடினார்கள். 29 பேர் இறந்தார்கள். ஒருவர் பிடிபட்டார்.

கோப்பு வேலையாகத் தெரியும் ஒரு விஷயம் இங்கே உயிராகிறது. ஓர் அணியில் எத்தனை செட், எத்தனை பேட்டரி, ஆபரேட்டர் விழுந்தால் அடுத்து யார் எடுப்பது, தொடர்பு போனால் எத்தனை மணிக்கு எங்கே சேர்வது. கிளம்பும் முன் ஐந்து நிமிடத்தில் சொல்லி முடிக்கக்கூடியவை இவை. இன்று சிறிய ரோந்துக்குக்கூட இதைச் சொல்லாமல் ஆளை வெளியே அனுப்புவது குற்றம் போலப் பார்க்கப்படுகிறது.

கொக்குவில் பக்கம் வீடுகளுக்குள் மாட்டிக்கொண்ட கமாண்டோக்களை மீட்டது டி-72 டாங்கிகள். சாலையெங்கும் கண்ணிவெடி. அதனால் மேஜர் அனில் கவுல் டாங்கிகளைப் பலாலிப் பக்கமிருந்து ரயில் பாதை வழியாக ஓட்டிவந்தார். தண்டவாளத்தில் வண்டி வரும் என்று எதிரி எதிர்பார்க்க மாட்டான் என்பதுதான் அவர் கணக்கு. நேர் சாலை இருக்க அதைவிட்டுப் போனதால் உயிர்கள் பிழைத்தன. கலகப் போரின் முதல் பாடமே இதுதான்: வசதியான வழி யாருக்கோ ஏற்கெனவே தெரிந்த வழி.

யாழ்ப்பாணத்தின் தரை பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்தியப் படை அதுவரை கலகத்தைச் சந்தித்தது பெரும்பாலும் மலையில். நாகாலாந்தில் 1950-களிலிருந்து, மிசோரத்தில் 1966-லிருந்து. மலையில் உயரம் பிடித்தவன் கண்ணுக்குக் கீழே எல்லாம் தெரியும். மிசோரத்தின் வைரங்டேயில் உள்ள கலக ஒடுக்கல், காட்டுப் போர்ப் பள்ளி கற்றுக்கொடுத்ததும் அந்தத் தரையை வைத்துத்தான். யாழ்ப்பாணம் தட்டை. உயரமென்றால் பனை மட்டும். ஒழுங்கைகள் (சந்துகள்), குச்சொழுங்கைகள், இருபுறமும் கிடுகு வேலியோ மதிலோ. ஒரு வளவுக்குள் (வீட்டு மனைக்குள்) இருந்து அடுத்த வளவுக்கு வேலிப் பொட்டு, அதாவது வேலி ஓட்டை, வழியாகப் போய்விடலாம். ஒழுங்கையில் நடக்கும் சிப்பாய்க்கு முன்னே இருபது அடி தெரியும். பக்கவாட்டில் ஒன்றுமே தெரியாது. பத்துப் பேர் வரிசையாக ஒழுங்கைக்குள் நுழைந்தால், முதல் ஆள் சுடப்பட்டதும் பின்னால் இருக்கும் ஒன்பது பேராலும் சுட முடியாது. சுட்டால் தன் ஆள் மேல்தான் படும். அதனால்தான் பின்னாளில் தெருவை விட்டுவிட்டு வளவு வளவாக, சுவர் வழியாக முன்னேறினார்கள். ஆயுத வித்தியாசமும் அங்கேதான் உறைத்தது. நம் சிப்பாய் கையில் 7.62 எஸ்.எல்.ஆர்., நீளமானது, 20 தோட்டா, ஒரு அழுத்துக்கு ஒரு வெடி. எதிரில் இருந்தவனிடம் 30 தோட்டா போட்டுக் கொத்தாகச் சுடும் ஏ.கே. முந்நூறு மீட்டரில் எஸ்.எல்.ஆர். நல்ல துப்பாக்கி. வேலியோரத்தில் பதினைந்து மீட்டரில் திரும்புவதற்குள் காரியம் முடிந்துவிடும்.

யாழ்ப்பாண நகரைப் பிடிக்க இரண்டு வாரம் பிடித்தது. அங்கிருந்து 1990 மார்ச் 24-ல் கடைசி அணி திருகோணமலையை விட்டுக் கப்பலேறும்வரை, படை நான்கு டிவிஷன்கள் அளவுக்கு வளர்ந்து, முல்லைத்தீவுக் காடு வரை போய், 1,100-க்கு மேற்பட்டவர்களை இழந்தது. பலரைக் கொன்றவை துப்பாக்கிகள் அல்ல, தரைக்கு அடியில் இருந்தவை.

இனி சாலைக்கு வருகிறேன். இந்தப் பதிவில் எனக்கு முக்கியமானது இந்தப் பகுதிதான்.

படையில் 'ஆர்.ஓ.பி.' என்பார்கள். சாலை திறக்கும் அணி. காலையில் கடையைத் திறப்பது மாதிரி, ஒவ்வொரு நாளும் சாலையைத் திறக்க வேண்டும். நேற்றுத் திறந்தது நேற்றோடு முடிந்தது. காஷ்மீரிலும் மணிப்பூரிலும் சத்தீஸ்கரின் மாவோயிஸ்ட் பகுதியான பஸ்தரிலும் பொழுது விடியும்போது நடக்கும் வேலை இதுதான். செய்தியில் வராது. வருவதென்றால் அது தவறிய நாள்.

முறை இப்படி. வெளிச்சம் வந்ததும் அணி மூன்றாகப் பிரியும். சாலைக்கு இடமும் வலமும் ஆளுக்கொரு பக்கமாக இரண்டு அணிகள் சாலையை விட்டுத் தள்ளி நடக்கும். எவ்வளவு தள்ளி என்பது தரையைப் பொறுத்தது: வயல்வெளி என்றால் நூறு மீட்டருக்கும் மேல், ஆப்பிள் தோட்டம் என்றால் அதைவிடக் குறைவு. அவர்கள் தேடுவது வெடியை அல்ல. வெடியிலிருந்து வெளியே வரும் ஒயரை, அந்த ஒயரின் மறுமுனையில் உட்காரும் ஆளை. புதைத்தவன் எவ்வளவு கெட்டிக்காரனாக இருந்தாலும், கம்பி வழி வெடியென்றால் ஒயர் எங்கோ ஓரிடத்தில் சாலை ஓரத்தைத் தாண்டித்தான் ஆக வேண்டும். அதனால் பக்க அணி முன்னே போகும், நடு அணி பின்னே வரும். அவசரத்தில் இந்த வரிசை மாறினால், நடு அணி வெடியின் மேல் நிற்கும்போது சுவிட்ச் வைத்திருப்பவன் இன்னும் பிடிபடாமல் இருப்பான்.

நடு அணியில் டிடெக்டர், நாய், கூரான கம்பி. டிடெக்டர் உலோகத்தைத் தேடும். பிளாஸ்டிக் கேனில் அடைத்து, மரக்கட்டையில் சுவிட்ச் செய்து, பேட்டரியைத் தள்ளி வைத்தால் அது பேசாமல் போய்விடும். நாய் மணத்தைத் தேடும். வெயில் ஏறினால் நாய்க்கும் மூக்கு களைத்துவிடும். இருபது முப்பது நிமிடத்துக்கு ஒருமுறை ஓய்வு, தண்ணீர், முடிந்தால் மாற்று நாய். கடைசியில் மிஞ்சுவது மனிதக் கண். புதிதாக வெட்டிய மண், சுற்றியிருப்பதைவிட ஈரமான மண், தார்ச்சாலை ஓரத்தில் புதிதாகப் போட்ட ஒட்டு, நேற்று இல்லாத ஜல்லிக் குவியல், கேட்பாரற்ற பால் கேன், நின்றுபோன சைக்கிள், தினமும் அந்த நேரத்தில் மாடு மேய்க்கிறவர் இன்று இல்லாதது. நேற்று எப்படி இருந்தது என்று தெரிந்தவனுக்குத்தான் இன்று மாறியது தெரியும். ஆகவே அதே சாலைக்கு அதே ஆட்களை அனுப்ப வேண்டும். அதே ஆட்களை அனுப்பினால் அலுப்பு வரும். இந்த முரண்பாட்டுக்கு இன்றுவரை நல்ல தீர்வு கிடையாது.

மதகு தனி விஷயம். சாலைக்கு அடியில் ஏற்கெனவே ஒரு குழி, வெட்ட வேண்டியதில்லை. மேலே கான்கிரீட், வெடி முழுவதும் மேல்நோக்கிப் போகும். மூட்டை மூட்டையாக வைக்கலாம். யாழ்ப்பாணத்திலும் அப்படித்தான், பஸ்தரிலும் அப்படித்தான். ஆகவே ஒவ்வொரு மதகுக்கும் எண் கொடுத்து, ஒருவர் இறங்கிக் குனிந்து இரண்டு வாயையும் பார்த்து, எண்ணைச் சொல்லி வயர்லெஸ்ஸில் 'பார்த்தாயிற்று' என்று சொல்ல வேண்டும். பல இடங்களில் மதகு வாய்க்கு இரும்பு வலை அடித்துவிடுகிறார்கள். வலை அறுபட்டிருந்தால் தூரத்திலேயே தெரியும். மழைக்காலத்தில் தண்ணீர் நிரம்பிய மதகுக்குள் யாரும் இறங்க விரும்பமாட்டார்கள். எதிரிக்கும் அது தெரியும்.

சாலை சுத்தம் என்றானதும் பார்வை எட்டும் தூரத்தில் பிக்கெட், அதாவது சின்னக் காவல் நிலை, போடுவார்கள். ஒரு பிக்கெட்டுக்கு அடுத்த பிக்கெட் தெரிய வேண்டும். தெரியாத வளைவு இருந்தால் நடுவில் இன்னொன்று. 'சாலை திறந்தது' என்ற செய்தி போன பிறகுதான் கான்வாய் (ராணுவ வண்டித் தொடர்) கிளம்பும். கடைசி வண்டி கடந்து, அது போய்ச் சேர்ந்தது என்ற செய்தி வந்த பிறகுதான் பிக்கெட் இறங்கும். இங்கேதான் பரமேஸ்வரனின் இரவு மறுபடி வருகிறது. மாலையில் எல்லோரும் ஒரே சமயத்தில் இறங்கி ஒரே வழியில் நடக்கத் தொடங்கினால் அதுதான் அன்றைய நாளின் மிக மோசமான அரை மணி. தூரத்து பிக்கெட் முதலில் கிளம்பி, அடுத்ததைத் தாண்டி வரும்வரை அடுத்தது காவல் காக்க வேண்டும். இறங்கும் வழி காலையில் ஏறிய வழியாக இருக்கக்கூடாது. பிக்கெட் உட்கார்ந்த கல்லும் மரமும் தினம் தினம் ஒன்றாக இருக்கக்கூடாது. நிழல் உள்ள மரம் ஒன்றுதான் என்றால் அதன் அடியில்தான் வெடி வைப்பார்கள்.

எல்லாம் செய்தும் தவறும். 2019 பிப்ரவரி 14, புல்வாமா. 78 வண்டிகள், இரண்டாயிரத்து ஐந்நூறுக்கு மேற்பட்ட சி.ஆர்.பி.எஃப். வீரர்கள். வெடி தரைக்கு அடியில் இல்லை, காரில் வந்தது. கான்வாய் போகும்போது பொது வண்டிகளும் ஓட அனுமதி இருந்தது. கார் அந்த ஓட்டத்தோடு சேர்ந்து வந்து ஒரு பஸ்ஸில் மோதியது. 40 பேர் இறந்தார்கள். அதன் பிறகு சில வாரங்கள் ஞாயிறும் புதனும் ஜம்மு–ஸ்ரீநகர் நெடுஞ்சாலையைப் பொது வண்டிகளுக்கு மூடினார்கள். நோயாளி, மணமகன், பள்ளி வேன் எல்லாம் நின்றன. கான்வாய்க்குப் பாதுகாப்பு கிடைத்தது, ஊருக்குக் கோபம் ஏறியது. இந்த விலைப்பேச்சு ஒவ்வொரு நடவடிக்கையிலும் இருக்கிறது. 2023 ஏப்ரல் 26-ல் தந்தேவாடா அரன்பூரில் 10 மாவட்ட ரிசர்வ் காவல் படையினரும் வண்டியோட்டியும் இறந்தார்கள். தேடுதல் முடித்து, வேனில், திரும்பும் வழியில். மறுபடியும் அதே சொல்.

நடந்தே வா, வண்டியில் ஏறாதே என்பது பஸ்தரில் விதி. நாற்பது கிலோமீட்டர் காட்டில் மூன்று நாள் அலைந்தவனிடம் அந்த விதியைக் கடைசி ஐந்து கிலோமீட்டருக்குப் பிடித்து நிறுத்துவதுதான் தலைவனின் வேலை. அதில் இளகியவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. ஆனாலும் விதி விதிதான்.

அடுத்தது சுற்றிவளைப்பு. சுற்றி நிற்பது, பிறகு தேடுவது. யாழ்ப்பாணத்தில் இந்தச் சொல்லைக் கேட்டாலே வயதானவர்கள் முகம் மாறும். விடியற்காலையில் ஊரையே வளைத்து, ஆண்களைக் கோயில் வெளியிலோ பள்ளி மைதானத்திலோ உட்காரவைத்து, முகத்தைச் சாக்கால் மூடிய ஒருவன் முன்னால் வரிசையாக நடத்துவார்கள். அவன் தலையசைத்தால் அந்த ஆள் வண்டியில் ஏறுவார். 'தலையாட்டி' என்று பெயர். இந்த முறையின் கோளாறு தார்மீகம் சார்ந்தது மட்டுமல்ல, தொழில் சார்ந்ததும்கூட. தலையாட்டி பயத்தில் ஆட்டுவான், பழைய பகையில் ஆட்டுவான், யாரையாவது காட்டினால்தான் தன்னை விடுவார்கள் என்று ஆட்டுவான். ஐந்நூறு பேரை வெயிலில் உட்காரவைத்துப் பத்துப் பேரைப் பிடித்தால், அதில் ஒருவன் சரியான ஆளாக இருக்கலாம். மாலைக்குள் மிச்ச வீடுகளில் எதிரிக்குச் சோறு போட ஆள் கிடைத்திருக்கும்.

காஷ்மீரிலும் 1990-களின் தொடக்கத்தில் ஊரையே வளைப்பதுதான் நடந்தது. கலக ஒடுக்கலுக்கென்றே ராணுவத்தில் ராஷ்ட்ரிய ரைஃபிள்ஸ் என்ற படை 1990-ல்தான் உருவானது. எல்லாப் பிரிவுகளிலிருந்தும் ஆட்கள் சில ஆண்டுகளுக்கு வருவார்கள், போவார்கள்; பட்டாலியன் மட்டும் அதே தாலுகாவில் பல ஆண்டுகள் இருக்கும். எந்த வீட்டில் யார், எந்த ஓடையில் எப்போது தண்ணீர் குறையும் என்பது அந்த முகாமில் கைமாறிக்கொண்டே வரும். அமைதிப்படைக்குக் கிடைக்காதது இந்த ஒன்றுதான். ஊரைத் தெரிந்துகொள்ளும் முன்பே ஊரோடு சண்டை வந்துவிட்டது.

இப்போது முறை ஊரிலிருந்து வீட்டுக்குச் சுருங்கியிருக்கிறது. தகவல் 'இந்த ஊர்' என்று வந்தால் காத்திருப்பார்கள். 'இந்த வீடு' என்று வந்தால் கிளம்புவார்கள். இரவில், ஒரு கிலோமீட்டருக்கு முன்பே வண்டியை நிறுத்திவிட்டு நடை. ஊர் நாய்கள்தான் முதல் காவலாள்; ஒரு தெருநாய் குரைத்தால் திட்டம் பாதி கெட்டது. முதலில் தப்பிக்கும் வழிகளில் ஆள்: ஓடை, தோட்டத்து வேலி உடைப்பு, மாட்டுக் கொட்டகைப் பின்பக்கம். பிறகு வீட்டைச் சுற்றி உள் வளையம், அதற்கு வெளியே கூட்டமும் உதவிக்கு வருபவர்களும் நுழையாதபடி வெளி வளையம். உள் வளையத்தில் ஒவ்வொருவனுக்கும் தன் துப்பாக்கி எந்த மரத்திலிருந்து எந்த மூலைவரை திரும்பலாம் என்று சொல்லிவைக்க வேண்டும். வட்டமாக நிற்பவர்கள் உள்நோக்கிச் சுட்டால் எதிர்ப்பக்கம் நிற்பது தன் ஆள்தான். இருட்டில் இது சொல்லாமல் விடப்பட்டு, தன் தோட்டாவே தன்னவனைக் கொன்ற சம்பவங்கள் எல்லாப் படைகளிலும் உண்டு.

வெளிச்சம் வந்ததும் வீட்டாரை வெளியே அழைப்பு. பக்கத்து வீடுகளும் காலி. சரணடையக் கூப்பிடுவது, முடிந்தால் பெற்றோரைக் கொண்டு. பிறகு காத்திருப்பு. இங்கே கெடுவது பொறுமை. மாலை நான்கு மணிக்கு மேல் இருட்டுப் பயம் வரும், 'முடித்துவிடலாம்' என்று மேலிருந்து கேட்பார்கள், கல்லெறியும் கூட்டம் பெரிதாகும். இருட்டினால் விளக்கு கட்டி, சுருள் முள்கம்பி போட்டு இரவு முழுக்க நிற்கலாம். அதற்கு ஜெனரேட்டரும் கம்பியும் காலையிலேயே கிளம்பியிருக்க வேண்டும். கிளம்பாததால்தான் ஐந்து மணிக்கு ஆட்கள் கதவை உடைக்கிறார்கள். மரப் பலகைச் சுவருக்குப் பின்னால் ஒரு அடி அகலப் பொய்ச்சுவர், அரிசிப் பெட்டிக்கு அடியில் குழி. உள்ளே இருப்பவன் இருட்டுக்குப் பழகிய கண்ணோடு இருக்கிறான். வாசலில் நிற்பவன் வெளிச்சத்தை முதுகில் வைத்துக்கொண்டு நிற்கிறான்.

2014 ஏப்ரல் 25, காஷ்மீரின் ஷோபியான் மாவட்டம் காஜிபத்ரி. 44-வது ராஷ்ட்ரிய ரைஃபிள்ஸின் மேஜர் முகுந்த் வரதராஜன். பரங்கிமலையில் பயிற்சி முடித்து 2006-ல் ராஜ்புத் ரெஜிமென்ட்டில் சேர்ந்த சென்னைக்காரர். அந்தக் கடைசிச் சில அடி தூரத்தைத் தன் ஆட்களுக்கு முன்னால் கடந்தார். சிப்பாய் விக்ரம் சிங்கும் இறந்தார். முகுந்துக்கு அமைதிக்கால வீரத்துக்கான மிக உயர்ந்த விருதான அசோகச் சக்கரம் கிடைத்தது. பெசன்ட் நகரில் தகனம் நடந்தபோது ஊர் திரண்டது. எங்கள் ஊர் அவரை மறக்காது. மறக்கவும் கூடாது.

அதே மனதோடு இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 1987 அக்டோபர் 21, தீபாவளி. யாழ்ப்பாணம் பெரியாஸ்பத்திரிக்குள் இந்தியப் படை நுழைந்தது. நோயாளிகள், மருத்துவர்கள், தாதிமார் என 60-க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள். 1989 ஆகஸ்ட் தொடக்கத்தில் வல்வெட்டித்துறையில், தன் ஆட்கள் தாக்கப்பட்ட பின் படை ஊருக்குள் நடந்துகொண்ட விதத்தில் மேலும் 60-க்கும் மேற்பட்டோர். உள்ளே புலிகள் இருந்தார்கள் என்ற விளக்கத்தை ஏற்றுக்கொண்டாலும் கட்டிலில் படுத்திருந்தவனுக்கு அது பதில் ஆகாது. தொழில் மொழியில் இதற்குப் பெயர் கட்டுப்பாடு இழப்பு. நண்பன் செத்த அரை மணிக்குள் அதே ஆட்களைப் பொதுமக்கள் இருக்கும் கட்டடத்துக்குள் அனுப்பக்கூடாது. அணியை மாற்ற வேண்டும், புதிய அதிகாரி முன்னால் போக வேண்டும். பரமேஸ்வரனுக்கு மரியாதை செய்கிற சென்னை இதையும் படிக்க வேண்டும் என்றுதான் நினைக்கிறேன். அவர் மரணமும் ஆஸ்பத்திரிக் கொலைகளும் 1987-ன் அதே இரண்டு மாதத்துக்குள் நடந்தவை.

சட்டத்தையும் ஒரு படிமுறையாகவே பார்க்கலாம். 1958-ன் ஆயுதப் படைகள் சிறப்பு அதிகாரங்கள் சட்டத்தில் நாலாவது பிரிவு பற்றித்தான் எல்லோரும் பேசுகிறார்கள்: தக்க எச்சரிக்கைக்குப் பிறகு சுடலாம், வாரண்ட் இல்லாமல் கைது செய்யலாம். ஐந்தாவது பிரிவு பற்றிப் பேச்சு குறைவு. கைது செய்தவரை முடிந்தவரை தாமதமில்லாமல் பக்கத்துக் காவல் நிலையத்தில், கைதான சூழ்நிலை அறிக்கையோடு ஒப்படைக்க வேண்டும். 1997-ல் உச்ச நீதிமன்றம் இந்தச் சட்டம் செல்லும் என்று தீர்ப்பளித்தபோது, ராணுவம் தானே எழுதி வைத்திருந்த 'செய், செய்யாதே' பட்டியலைக் கட்டாயமாக்கியது. முகாமில் வைத்து விசாரிப்பது, பெண்கள் இருக்கும் வீட்டில் பெண் காவலர் இல்லாமல் தேடுவது, பொருளை எடுத்துவிட்டுப் பட்டியல் கொடுக்காமல் வருவது: கேஸ் உடைவதும் ஊர் உடைவதும் இந்தச் சின்ன இடங்களில்தான். ஆறாவது பிரிவு, மத்திய அரசின் அனுமதி இல்லாமல் வழக்கு இல்லை என்கிறது.

2021 டிசம்பர் 4, நாகாலாந்து மோன் மாவட்டம் ஓடிங். சனிக்கிழமை மாலை. நிலக்கரிச் சுரங்கத்திலிருந்து தொழிலாளிகள் பிக்கப் வேனில் வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தார்கள். தீவிரவாதிகள் வருவார்கள் என்ற தகவலோடு 21-வது பாரா சிறப்புப் படை வழியில் காத்திருந்தது. வண்டியை நிறுத்தி, யார் என்று பார்ப்பது என்ற படி ஒன்று இருக்கிறது. அது நடக்கவில்லை. ஆறு பேர் வேனிலேயே இறந்தார்கள். தேடி வந்த ஊராரோடு மூண்ட மோதலில் மேலும் பலர். மாநிலப் போலீஸ் 30 ராணுவத்தினர் மேல் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது. 2023-ல் மத்திய அரசு அனுமதி மறுத்தது. 2024 செப்டம்பர் 17-ல் உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்து வைத்தது. அனுமதி பின்னால் கிடைத்தால் தொடரலாம், ராணுவம் தன் சட்டப்படி ஒழுங்கு நடவடிக்கை எடுக்கத் தடையில்லை என்றது.